அவனுக்கும் சேர்த்துத் துப்பியது

மதுரை செல்லூரில் தறி ஓட்டுகிறவர்களுக்குள் ஒரு பழக்கம் உண்டு. பக்கத்துத் தறிக்காரன் டீ குடிக்கவோ, ஒன்றுக்குப் போகவோ, வீட்டுக்கு வந்த விருந்தாளிக்குத் தலையைக் காட்டிவிட்டு வரவோ கிளம்பினால் தறியை நிறுத்த மாட்டான். "பாத்துக்க மாப்ள" என்று ஒரு சொல் சொல்லுவான், அவ்வளவுதான். அதற்குப் பிறகு அதுவும் நம் தறி. இழை அறுந்தால் முடிச்சுப் போட வேண்டும், நூல் தீர்ந்தால் மாற்ற வேண்டும், முதலாளி வந்து "எங்க அவன?" என்று கேட்டால் "இப்பத்தான் அங்கிட்டுப் போனான்" என்று சொல்ல வேண்டும். இப்பத்தான் என்பது அரை மணி நேரமாகவும் இருக்கும், அரை நாளாகவும் இருக்கும்.

நானும் என் சிநேகிதனும் இப்படி ஒருவன் தறியை ஒருவன் பார்த்துப் பார்த்தே கிழவர்கள் ஆனவர்கள். அவன் வீட்டில் பேசுகிற பாஷை வேறு. முன்னோர்கள் குஜராத்துப் பக்கம் இருந்து வந்தவர்களாம். எத்தனை வருஷம் முன்னால் வந்தார்கள் என்று கேட்டால், "அப்ப நான் சின்னப்பய, ஞாபகம் இல்ல" என்பான். நான் டி. கல்லுப்பட்டிப் பக்கத்துச் சம்சாரி வீட்டுப் பிள்ளை. மழை இல்லாத ஒரு வருஷம் பிழைக்க மதுரைக்கு வந்தேன். பள்ளிக்கூடத்துப் பக்கம் போனதில்லை. படிப்பெல்லாம் பஸ் போர்டில்தான். அதனால் எந்த எழுத்தும் வேகமாக வந்தால் எனக்குப் படிக்க வராது, நின்றால்தான் வரும்.

எழுபது தாண்டியதும் இரண்டு பேரையும் தறியில் இருந்து இறக்கி, அதே தறி செட்டில் நூல் சுற்றுகிற வேலையில் உட்கார வைத்தார்கள். தலைக்கு மேலே ஒரு ஜன்னல். ஜன்னல் என்று பேர்தான். காற்று வந்தால் இழை அறும் என்று அதில் சாக்கைத் திணித்து வைத்திருந்தார்கள். உள்ளே பஞ்சு பனி மாதிரி பறக்கும். எல்லாரும் இருமுவோம். அதற்குப் பஞ்சு இருமல் என்று பேர் வைத்திருந்தோம். பேர் வைத்துவிட்டால் நோய் பயப்படும் என்று நினைப்பு.

போன வருஷம் என் பஞ்சு இருமல் மட்டும் நிற்கவே இல்லை. சாயங்காலமானால் உடம்பு கதகதவென்று வரும். கைலி இடுப்பில் நிற்காது. "மாப்ள, நீ மெலிஞ்சு கல்யாண மாப்ள மாதிரி ஆயிட்ட" என்று சிநேகிதன் சொன்னான். நானும் அதை நம்பி இரண்டு நாள் தலையைப் படிய வாரிக்கொண்டு போனேன்.

அந்தச் சமயத்தில்தான் எங்கள் தெருவில் காசநோய் சோதனை என்று முகாம் போட்டார்கள். ஆஸ்பத்திரியில் இருந்து ஒரு பிள்ளை வந்தாள். முகத்தில் மாஸ்க், தோளில் பெரிய பை. செட்டில் வயசானவர்கள் எல்லாருக்கும் ஆளுக்கு ஒரு பிளாஸ்டிக் டப்பா கொடுத்தாள். மூடியைத் திருகித் திறக்கிற சின்ன டப்பா. மேலே ஒட்டின தாளில் பேரை அவளே எழுதினாள்.

"தாத்தா, எச்சி வேணாம், சளிதான் வேணும். நாளைக்குக் காலையில எந்திரிச்சதும், டீ கீ குடிக்கிறதுக்கு முன்னாடி, வெறும் தண்ணியில வாயக் கொப்புளிங்க. மூச்ச நல்லா இழுத்து, நெஞ்சுக்கு அடியில இருந்து இருமித் துப்பணும். மாடியில, வெட்டவெளியில நின்னு துப்புங்க. பக்கத்துல யாரும் நிக்கக் கூடாது."

அவள் போனதும் சிநேகிதன் தன் டப்பாவை என் மடியில் வைத்தான்.

"என்னடா இது?"

"மாப்ள, என் வீடு உனக்குத் தெரியும்ல. ஒத்த ரூமு. மருமக அங்கிட்டு தோச ஊத்திக்கிட்டிருக்கும். நான் இங்கிட்டு நின்னு காறுனா அது என்ன நெனைக்கும்?"

"மாடிக்குப் போ."

"மாடிய வீட்டுக்காரன் பூட்டி வச்சிருக்கான். எனக்கு எங்க சளி இருக்கு? உனக்குத்தான் வண்டி வண்டியா வருதே. எனக்கும் சேத்து நீயே துப்பிட்டு வந்துரு."

எனக்கு அது தப்பாகவே தெரியவில்லை. எத்தனை வருஷம் அவன் தறியைப் பார்த்திருக்கிறேன்! ஒரு டப்பாவைப் பார்த்துக்கொள்ள மாட்டேனா? மறுநாள் விடிந்ததும் மாடி ஏறினேன். என் வீட்டுக்காரி துணி காயப்போட வந்தவள், கையில் இரண்டு டப்பாவைப் பார்த்தாள்.

"எதுக்கு ரெண்டு?"

"ஒண்ணு அவனுக்கு."

"ஏன், அவருக்கு வாய் இல்லையா?"

பெண்களுக்குத் தறி செட்டு நியாயம் புரியாது என்று முதுகைத் திருப்பிக்கொண்டேன். இருமினேன். அந்தப் பிள்ளை சொன்ன மாதிரியே நெஞ்சுக்கு அடியில் இருந்து. இரண்டு டப்பாவிலும் சரிசமமாகத் துப்பினேன். சொல்லப் போனால் அவன் டப்பாவில் ஒரு பொட்டு கூடவே இருந்தது. சிநேகிதன் டப்பா குறைந்து தெரிந்தால் எனக்கல்லவா அசிங்கம்!

டப்பாக்களை வாங்கின பிள்ளை வெளிச்சத்தில் தூக்கிப் பார்த்தாள். "எல்லாரும் எச்சியத் துப்பிக் கொண்டாந்துருக்காங்க. நீங்க ரெண்டு பேருதான் கரெக்டா குடுத்திருக்கீங்க" என்றாள். என் சிநேகிதன் நெஞ்சை நிமிர்த்தி, "நமக்கு எப்பவுமே வேல சுத்தம்மா" என்றான்.

இரண்டு நாள் கழித்து அவன் சந்துப் பக்கம் போனேன். சந்து முக்கிலேயே அழுகைச் சத்தம். யாரோ போய்ச் சேர்ந்துவிட்டார்கள் என்று நினைத்து, மேல்துண்டைச் சரிசெய்துகொண்டு முகத்தைச் சோகமாக வைத்துக்கொண்டு வேகமாக நடந்தேன். பார்த்தால், அழுகை என் சிநேகிதன் வீட்டில்தான். அவனோ வாசலில் நின்று கத்திக்கொண்டிருக்கிறான்.

"சத்தியமாச் சொல்றேன் தாயி, அது என்னுது இல்ல!"

எதிரே அந்தப் பிள்ளை, கையில் ஒரு தாளோடு. "மொதல்ல எல்லாரும் இப்டித்தான் சொல்லுவாங்க தாத்தா. பயப்படாதீங்க. ஆறு மாசம் ஒழுங்கா மாத்திரை சாப்பிட்டா சரியாயிரும்."

"நான் ஏன் சாப்பிடணும்? அது என் சளியே இல்லங்கிறேன்!"

"உங்க டப்பாதான? உங்க பேருதான?"

"டப்பா என்னுது. பேரு என்னுது. சளி என்னுது இல்ல!"

அவன் சம்சாரம், எனக்கு மதினி முறை, படியில் உட்கார்ந்து அவர்கள் பாஷையில் பாதியும் எங்கள் பாஷையில் பாதியுமாக அழுதாள். "பீடிய விடு, பீடிய விடுன்னு சொன்னேனே! இப்ப மூளையும் கலங்கிப்போச்சே! சளி தன்னுது இல்லங்கிறாரே!"

அப்போது அவன் என்னைப் பார்த்துவிட்டான். "இந்தா வந்துட்டான்! இவன்கிட்டக் கேளுங்க! மாப்ள, சொல்லுடா, அது யாரு சளி?"

சந்து மொத்தமும் என்னைத் திரும்பிப் பார்த்தது. எனக்குக் கொஞ்சம் பெருமையாகக்கூட இருந்தது.

"என்னுதுதாம்மா" என்றேன்.

"ரெண்டு டப்பாவும்?"

"ரெண்டும் நம்மதான்."

அந்தப் பிள்ளை அப்படியே மதினிக்குப் பக்கத்தில் படியில் உட்கார்ந்துவிட்டாள். பிறகு தோள் குலுங்கியது. அழுகிறாளோ என்று பயந்தேன். சிரிக்கிறாள்! மாஸ்க்குக்குள்ளேயே மூச்சு முட்டுகிற சிரிப்பு. அதைப் பார்த்து மதினி சிரிக்க, மருமகள் சிரிக்க, எதிர்வீட்டுக்காரர் கையில் இருந்த காபி சிந்தச் சிந்தச் சிரித்தார். என் சிநேகிதன் இரண்டு கையையும் தூக்கிக்கொண்டு வாசலில் ஒரு சுற்று ஆடினான். "சொன்னேன்ல! என்னுது இல்லன்னு சொன்னேன்ல!" நானும் சிரித்தேன். சிரித்ததில் இருமல் வந்தது. இருமி முடித்து நிமிர்ந்தபோது அந்தப் பிள்ளை சிரிப்பை நிறுத்திவிட்டு என்னையே பார்த்துக்கொண்டிருந்தாள்.

"தாத்தா, அப்ப உங்களுக்குத்தான் ரெண்டு தடவ வந்துருக்கு" என்றாள். பையில் இருந்து இன்னொரு தாளை எடுத்தாள். அது எனக்குக் கொடுக்க வைத்திருந்தது.

என் சிநேகிதன் தூக்கின கையை இறக்கவே மறந்து நின்றான்.

இந்த இடத்தில் என் அண்ணனைப் பற்றிச் சொல்ல வேண்டும். எங்கள் ஊரில் அந்தக் காலத்தில் இதற்கு எலும்புருக்கி என்று பேர். அண்ணனுக்கு வந்தது. ஊசி போட்டார்கள், மாத்திரை கொடுத்தார்கள். இரண்டு மாசத்தில் ஆள் தேறி, கமலை இழுக்கிற மாடு மாதிரி ஆகிவிட்டார். அறுப்பு வந்தது. "எனக்குத்தான் நல்லாப் போச்சே" என்று மருந்தை நிறுத்திவிட்டு வயலில் இறங்கினார். நோய் திரும்பி வந்தது. இரண்டாம் தடவை வந்தது மருந்துக்குக் கட்டுப்படவில்லை. அடுத்த அறுப்புக்கு அண்ணன் இல்லை. அதனால் அன்றைக்கு அந்தத் தாளைக் கையில் வாங்கியபோது எனக்கு நோயைப் பற்றி அவ்வளவு பயம் வரவில்லை. இரண்டாவது மாசத்தைப் பற்றித்தான் பயம் வந்தது. எங்கள் குடும்பத்துக்குச் சீக்கிரம் தைரியம் வந்துவிடும்.

அவளிடம் அதைச் சொன்னேன். "அப்ப தெனம் நீங்க மாத்திரை முழுங்குறதப் பாக்க ஒரு ஆள் வேணும். யாரு பாக்குறா?" என்றாள்.

"நான் பாத்துக்கிறேன்" என்றான் என் சிநேகிதன். அப்போதுதான் கையை இறக்கினான்.

அதற்கு முன்னால் அவன் தன் சொந்தச் சளியைக் கொடுக்க வேண்டியிருந்தது. அந்தப் பிள்ளை இந்த முறை யாரையும் நம்பவில்லை. மறுநாள் காலையில் என் வீட்டு மாடிக்கு அவனை ஏற்றிவிட்டு, தெருவில் இருந்து அண்ணாந்து பார்த்துக்கொண்டே நின்றாள். "இழுங்க தாத்தா! இன்னும் இழுங்க! அடியில இருந்து!" கீழே சின்னக் கூட்டமே சேர்ந்துவிட்டது. "வருது, வருது!" என்று ஒருத்தன் கத்தினான். பிரசவம் மாதிரி இருந்தது. ஒரு வழியாக வந்தது. அதில் நோய் இல்லை. படம் எடுத்ததிலும் நெஞ்சு சுத்தம். என் வீட்டுக்காரிக்கும் ஒன்றுமில்லை. சேதி சொல்ல அவன் அல்வாப் பொட்டலத்தோடு வந்தான். ஆனால் கொடுக்காமல் முதுகுக்குப் பின்னால் மறைத்துக்கொண்டே நின்றான். தனக்கு நோய் இல்லை என்கிற சந்தோஷத்தை எனக்கு முன்னால் எப்படிக் காட்டுவது என்று அவனுக்குத் தெரியவில்லை.

"கொண்டாடா இங்கிட்டு" என்று வாங்கித் தின்றேன். நெய் வழிந்தது.

என் வீட்டுக்காரி எனக்குத் தனித் தட்டு, தனி டம்ளர் எடுத்து வைத்திருந்தாள். அந்தப் பிள்ளை வந்து அதையெல்லாம் வேண்டாம் என்றாள். இது டம்ளரில் ஒட்டுகிற நோய் இல்லையாம். இருமும்போது காற்றில் போய், பக்கத்தில் இருக்கிறவன் மூச்சில் ஏறுகிற நோயாம். வாயைத் துண்டால் பொத்தி இருமு, காற்றோட்டமான இடத்தில் இரு, மருந்து வேலை செய்யத் தொடங்குகிற வரைக்கும் கொஞ்ச வாரம் செட்டுக்குப் போகாதே என்றாள். எத்தனை வருஷமாக ஒரு டீயை இரண்டு கிளாஸில் ஊற்றிக் குடித்தவர்கள் நாங்கள். அந்த டீ ஒரு பாவமும் செய்யவில்லை. பாவமெல்லாம் சாக்கு அடைத்த ஜன்னல் செய்தது.

அவள் செட்டுக்கே போய் முதலாளியிடம் ஜன்னலைத் திறக்கச் சொன்னாள். "காத்து வந்தா இழை அறும்மா" என்றார் முதலாளி. "ஆளு அறுந்தா முடிச்சுப் போட்டுருவீங்களா?" என்று கேட்டாளாம். சாக்கைப் பிடுங்கியவன் என் சிநேகிதன்தான். பின்னால் இருந்து ஒரு கூடைப் பஞ்சும், ஒரு சீப்பும் விழுந்தன. அந்தச் சீப்பை நான் திருடிவிட்டேன் என்று எங்கள் வாலிபத்தில் என்னோடு ஒரு மாசம் பேசாமல் இருந்தவன் அவன். சீப்பைத் தூக்கிக்கொண்டு ஓடி வந்து, என் வாசலுக்கு எதிரே நின்று, "மன்னிச்சுரு மாப்ள!" என்று கத்தினான். இரண்டு பேர் தலையிலும் அதற்கு வேலை இல்லாத வயசில் நியாயம் கிடைத்தது.

நான் என் வாசல் திண்ணையில், அவன் எதிர்வீட்டுத் திண்ணையில் என்று அந்த வாரங்கள் போயின. தெருவுக்குக் குறுக்கே கத்திக் கத்திப் பேசினோம். இரண்டு குடும்பத்து ரகசியங்களும் செல்லூருக்கே தெரிந்தது அப்போதுதான்.

மாத்திரை விஷயத்துக்கு வருகிறேன். தினம் காலையில் வெறும் வயிற்றில் முழுங்க வேண்டும். அவன் வந்து பார்ப்பான், முதல் வாரங்களில் மூக்கையும் வாயையும் துண்டால் கட்டிக்கொண்டு. முழுங்கின பிறகு "வாயத் தொற. நாக்கத் தூக்கு" என்பான். போலீஸ்காரன் வண்டியைச் சோதிக்கிற மாதிரி குனிந்து பார்ப்பான். முதல் நாள் மாத்திரை போட்டுவிட்டு ஒன்றுக்குப் போனவன் அலறிவிட்டேன். செக்கச் செவேல் என்று போகிறது! "மாப்ள! ஓடியா! ரத்தம்!" அவன் ஓடி வந்தான். இரண்டு கிழவர்கள் சாக்கடை ஓரம் குனிந்து நின்று ஆராய்ந்தோம்.

"ரத்தம் இல்ல. மாத்திரையோட கலரு. அந்தப் பிள்ள நேத்தே சொல்லுச்சு. நீதான் அல்வாவுலயே கண்ணா இருந்த" என்றான். இன்னும் கொஞ்ச நேரம் பார்த்தான். "ஆனா என்ன கலருடா! இந்தக் கலரு எடுக்கத்தான் நம்ம சாயப்பட்டறைக்காரன் தலகீழா நிக்கிறான்."

முதல் கொஞ்ச நாள் வாந்தி, வாய்க்கசப்பு. அப்புறம் சோறு இறங்கியது. முட்டை, கடலை, மதினி வீட்டுக் குழம்பு எல்லாம் இறங்கின. கைலி இடுப்பில் நின்றது. இரண்டாம் மாசம் முடிந்து சோதித்ததில் சளியில் கிருமி இல்லை. மாத்திரையும் குறைந்தது. மாடிப்படியை ஒரே மூச்சில் ஏறினேன். அப்போது ஊரில் கோயில் திருவிழாவுக்குப் பொங்கல் சாட்டியிருக்கிறது என்று போன் வந்தது. நாலு நாள் இருந்துவிட்டு வாரேன் என்று பையைத் தூக்கிக்கொண்டு பஸ் ஏறினேன். மாத்திரை மாடத்திலேயே இருந்தது. மறந்துவிட்டேன் என்று சொல்லலாம். மறக்கவில்லை. கை அதுவரைக்கும் போய்த் திரும்பி வந்தது. எனக்குத்தான் நல்லாப் போச்சே என்று மனசு சொன்னது. யார் குரல் அது என்று எனக்குத் தெரியாமல் இல்லை.

மறுநாள் உச்சிவெயிலில் கோயில் மரத்தடியில் நாலு பேரோடு உட்கார்ந்து சிரித்துக்கொண்டிருக்கிறேன். டவுன் பஸ் ஒன்று வந்து நின்றது. அதில் இருந்து ஒருத்தன் இறங்கினான். தலை கலைந்து, முகம் வெளிறி, வாயில் எலுமிச்சம்பழத் தோல். பஸ் என்றாலே வாந்தி எடுக்கிற என் சிநேகிதன்! விளாங்குடியில் இருக்கும் மகள் வீட்டுக்கே நடந்து போகிறவன், இரண்டு பஸ் மாறி வந்திருக்கிறான். என் வீட்டுக்காரி மாடத்தைப் பார்த்துவிட்டு அவனிடம் ஓடியிருக்கிறாள்.

துண்டை அவிழ்த்து மாத்திரை அட்டையை எடுத்தான்.

"முழுங்கு."

"எனக்குத்தான் நல்லாப் போச்சே மாப்ள..."

"உங்க அண்ணனும் இதத்தான் சொன்னாருன்னு எனக்குச் சொன்னவன் யாரு? கூறுகெட்ட பயலே! எனக்குப் பதிலா நீ துப்புன. சரி. உனக்குப் பதிலா நான் முழுங்க முடியுமாடா? முடிஞ்சா இம்புட்டுத் தூரம் வாந்தி எடுத்துக்கிட்டு வருவேனா? செல்லூர்லயே உக்காந்து முழுங்கிட்டுப் படுத்திருப்பேன்ல!"

மரத்தடியில் எல்லாரும் சிரித்தார்கள். நான் அடிகுழாயில் தண்ணீர் பிடித்து முழுங்கினேன். "வாயத் தொற. நாக்கத் தூக்கு" என்றான், என் பங்காளிகள் அத்தனை பேர் முன்னாலும். திறந்து காட்டினேன். பிறகுதான் மரத்தடியில் சாய்ந்து, "எங்கடா பொங்கச் சோறு?" என்று கேட்டான். மிச்ச நாளெல்லாம் என்னோடு இருந்தான். கிடாய்க் கறியைப் பார்த்த பிறகு அவனுக்கு பஸ் கஷ்டமெல்லாம் மறந்துவிட்டது. டிராக்டர் பெட்டியில் நின்றபடி ஊரைச் சுற்றினான். குலவை போட்ட பெண்களோடு சேர்ந்து இவனும் போட்டுப் பார்த்தான்.

ஆறாவது மாசம் முடிந்தது. அந்தப் பிள்ளை கடைசி டப்பாவைக் கொடுத்தாள். விடிந்ததும் மாடி ஏறினேன். வாயைக் கொப்புளித்தேன். மூச்சை இழுத்தேன். என்ன மூச்சு! வைகைக் காற்று மொத்தமும் உள்ளே போகிற மாதிரி. இருமினேன். ஒன்றும் வரவில்லை. மறுபடி இருமினேன். சும்மா காற்றுதான் வருகிறது.

"என்னடா ஆச்சு?" கீழே இருந்து சிநேகிதன்.

"வர மாட்டேங்குது மாப்ள. சளியே இல்ல."

தடதடவென்று மேலே ஏறி வந்தான். சுற்றும் முற்றும் பார்த்துவிட்டு என் காதுக்குள், "டப்பாவக் குடு. எனக்கு நேத்துல இருந்து லேசா சளி. நான் துப்பித் தாரேன். உனக்கு நான் ஒண்ணு குடுக்கணும்ல" என்றான்.

"ஏய்!" என்று கீழே இருந்து ஒரு சத்தம். அந்தப் பிள்ளை தெருவில் இடுப்பில் கைவைத்து நின்றாள். "ரெண்டு பேரும் தள்ளி நில்லுங்க! டப்பாவ அவருகிட்டக் குடுக்காதீங்க!"

நான் அவனிடம் கேட்டேன்: "எத்தன நாளா சளி?"

"நேத்துதாண்டா. ஐஸ் போட்ட ஜிகர்தண்டா குடிச்சேன்."

"ரெண்டு வாரம் தாண்டியும் நிக்கலன்னா சோதிக்கணும். நீ துப்புவ, நான் நின்னு பாப்பேன்."

என் வீட்டுக்காரி வெந்நீர் ஆவி பிடிக்க வைத்தாள். அரை மணி நேரம் இருமி, டப்பா அடியில் ஒரு பொட்டு சேர்த்தேன். அதை இரண்டு கையாலும் பொத்தி இறக்கி, அந்தப் பிள்ளையின் கையில் நானே வைத்தேன்.

தாள் வந்த அன்றைக்கு அவள் தெருவிலேயே நின்று சத்தமாகப் படித்தாள். கிருமி இல்லை. படத்திலும் புதுசாக ஒன்றும் இல்லை. மருந்து முடிந்தது. மதினி குலவை போட்டாள். என் வீட்டுக்காரி முந்தானையால் கண்ணைத் துடைத்தாள். என் சிநேகிதன் தாளை வாங்கி, கண்ணுக்குப் பக்கத்தில் வைத்து, என் பேரை எழுத்து எழுத்தாக விரல் வைத்துப் பார்த்தான். பிறகு என் முகத்தைப் பார்த்தான்.

"மாப்ள, இது உன்னுதுதான?"

"என்னுதேதான்."

"சத்தியமா?"

"சத்தியமாடா."

அப்புறம்தான் ஆடினான்.